அவர்களுக்குக் குளிராக இருந்தது

1

ஜெர்மனிக்கு வந்து எட்டு ஆண்டுகள் ஆகின்றன. போன வாரம் தங்கும் அனுமதியைப் புதுப்பிக்க டுசல்டோர்ஃபில் வெளிநாட்டவர் அலுவலகத்துக்குப் போயிருந்தோம். காத்திருப்பு அறையில் வழக்கமான கூட்டம். எல்லோர் மடியிலும் ஒரு கோப்பு. எல்லோர் முகத்திலும் தலைமையாசிரியர் அறைக்கு வெளியே நிற்கும் பிள்ளையின் பாவனை. எங்கள் முறை வந்தபோது மேசைக்கு அந்தப் பக்கம் இருந்த இளைஞர் தாள்களைப் புரட்டிப் பார்த்துவிட்டு, "முன்பு இருந்த ஊரில் நல்ல வேலை, வீடு எல்லாம் இருந்திருக்கிறது. ஏன் விட்டு வந்தீர்கள்?" என்று கேட்டார். குற்றம் சாட்டும் தொனி இல்லை. கேட்க வேண்டிய கேள்வி, கேட்டார்.

என் கணவர் சண்முகம், "தொழில் காரணம்" என்றார். இளைஞர் அதைத் தட்டச்சு செய்துகொண்டார்.

கோவில்பட்டியிலிருந்து என் அண்ணனும் இதையே கேட்டு எழுதுகிறார். அவருக்கும் இதே இரண்டு சொற்கள்தான் போயிருக்கின்றன. முழுப் பதில் கொஞ்சம் நீளமானது. அது எங்களைப் பற்றியது மட்டுமல்ல. ஒரு சிற்றூரின் தீயணைப்புப் படையையும், அங்கிருந்த கம்பளி ஆலையின் விடுதியில் தங்கிய சில துருக்கிப் பெண்களையும் பற்றியது.

2

இந்த நாட்டில் நாங்கள் முதலில் குடியேறிய அந்த ஊர் ஒரு சின்ன ஆற்றின் இரு கரையிலும் நீண்டு கிடந்தது. ஒரு தேவாலயம், ஒரு ரயில் நிறுத்தம், ஓர் ஆலை. ஆலையின் சாயப் பிரிவில் என் கணவர் வேதியியலாளர். ஊரில் பாதிப் பேருக்கு ஆலை சம்பளம் கொடுத்தது. மீதிப் பாதி, சம்பளம் வாங்கியவர்களுக்கு ரொட்டியும் இறைச்சியும் விற்றது.

நான் தீப்பெட்டி ஊரில் பிறந்தவள். என் அப்பா தீப்பெட்டி ஆலை ஒன்றில் குமாஸ்தா. தீயணைப்பு வண்டி என்றால் எங்களுக்கு, எல்லாம் எரிந்து முடிந்த பிறகு மணியடித்துக்கொண்டு வரும் அரசாங்க வண்டி. அந்த ஆட்கள் நல்ல நாளில் வீடு தேடி வந்து அடுப்பைப் பார்ப்பார்கள் என்று யாராவது சொல்லியிருந்தால் சிரித்திருப்போம்.

அந்த ஊரில் அதைத்தான் செய்தார்கள். படையில் சம்பளக்காரர் ஒருவரும் இல்லை. தலைவர் ஹெர் லோமான் ரொட்டிக் கடைக்காரர். மற்றவர்களில் தச்சர் உண்டு, தபால்காரர் உண்டு, பள்ளி ஆசிரியர் உண்டு. நகராட்சிக் கூரைமேல் இருக்கும் சங்கு ஊதினால், கையில் இருப்பதைப் போட்டுவிட்டு ஓடுவார்கள். அன்றைக்கு ஊர் கருகிய ரொட்டி தின்னும். யாரும் குறை சொல்வதில்லை. தீ அபூர்வமாகத்தான் பிடிக்கும். மற்ற நாட்களில் நிலவறைக்குள் புகுந்த ஆற்று நீரை இறைத்தார்கள், பாதையில் சாய்ந்த மரத்தை அறுத்தார்கள், நவம்பரில் குழந்தைகள் காகித விளக்கேந்திப் போகும் ஊர்வலத்தின் பக்கத்தில் தண்ணீர் வாளியோடு நடந்தார்கள். குளிர் தொடங்குமுன் வீடு வீடாகப் போய்க் கணப்படுப்பையும் புகைக்குழாயையும் பார்த்தார்கள்.

முதல் ஆண்டு எங்கள் வீட்டுக்கு வந்தபோது சீருடையைப் பார்த்து நான் காவல்துறை என்று நினைத்துவிட்டேன். அவர்கள் வாய் திறக்குமுன் மூன்று பேருடைய பாஸ்போர்ட்டையும் எடுத்துவந்து நீட்டினேன். லோமான் அவற்றை மரியாதையாக வாங்கி, படங்களைப் பார்த்து, திருப்பிக் கொடுத்துவிட்டு, அடுப்பைக் காட்டி ஏதோ விளக்கினார். எனக்கு அப்போது கடைக்குப் போய்வரும் அளவுக்குத்தான் ஜெர்மன் தெரியும். நீளமான பேச்சில் ஒரே ஒரு சொல் பளிச்சென்று புரிந்தது: கிஃப்ட். இங்கிலீஷில் அது பரிசு. ஏதோ இலவசமாகத் தருகிறார்கள் போலிருக்கிறது என்று நன்றி சொன்னேன். அவர் தலையை அசைத்து, இன்னும் உரக்க "கிஃப்ட்" என்றார். நானும் இன்னும் பணிவாக நன்றி சொன்னேன்.

ஜெர்மனில் அந்தச் சொல்லுக்கு நஞ்சு என்று பொருள்.

கடைசியில் அந்தப் பெரிய மனிதர் இரண்டு உள்ளங்கைகளையும் சேர்த்துக் கன்னத்தில் வைத்துக்கொண்டு, கண்ணை மூடி, தலையைத் தொங்கப்போட்டு, நாக்கை வெளியே நீட்டினார். கூட வந்த தச்சர் சிரிக்காமல் நின்றார். அப்போது புரிந்தது. கரி சரியாக எரியாவிட்டால் வரும் வாயுவுக்கு வாசனை கிடையாது. தலை வலிக்கும், தூக்கம் வரும். பிறகு எழுந்திருக்க முடியாது. அதனால் சுவரில் இருக்கும் காற்றுத் துளையை அடைக்கக் கூடாது.

3

எங்கள் மகள் மீனா பள்ளியில் சேர்ந்த பிறகு படையின் பாடங்கள் அவள் வழியாகவும் வீட்டுக்கு வந்தன. லோமான் வகுப்புக்கு வந்து, தீ பிடித்தால் ஒளியக் கூடாது, எங்கே என்ன என்று தெளிவாகச் சொல்ல வேண்டும் என்றெல்லாம் கற்றுக்கொடுத்திருந்தார். அன்று மாலை நான் சாமி படத்துக்கு விளக்கேற்றிவிட்டு அடுக்களைக்குப் போனேன். திரும்பி வந்தால் விளக்குப் பக்கத்தில் ஒரு கிண்ணம் தண்ணீரோடு உட்கார்ந்திருக்கிறாள்.

"என்னடி இது?"

"எரியிற விளக்கைத் தனியா விட்டுட்டுப் போகக் கூடாது. ஹெர் லோமான் சொன்னார்."

"முருகன் பாத்துக்குவார்."

அவள் படத்தை ஒருமுறை பார்த்தாள். "அவர் ஆள் இல்லை, படம்தானே" என்றாள். இதை ஜெர்மனில் சொன்னாள். அந்த ஆண்டிலிருந்து அவளுடைய தமிழ் சாப்பாட்டுக்கும் சண்டைக்கும் மட்டும் என்று சுருங்கிக்கொண்டே வந்தது. யோசித்துச் சொல்ல வேண்டியதையெல்லாம் அந்த மொழியில் சொன்னாள். நான் தமிழில் கேட்பேன், அவள் ஜெர்மனில் பதில் சொல்வாள். இருவருக்கும் அது பழகிவிட்டது.

4

எழுபத்திரண்டில் ஆலைக்குத் துருக்கியிலிருந்து பெண்கள் வந்தார்கள். ஆற்றோரம், போர்க்காலத்தில் கட்டிய இரண்டடுக்கு மரக் கொட்டகை ஒன்றை விடுதி என்று பெயர் சொல்லி அவர்களுக்குக் கொடுத்தார்கள். அந்த இலையுதிர் காலத்தில் ஒருநாள் ரொட்டி வாங்கப் போனபோது லோமான் என்னை ஓரமாகக் கூப்பிட்டார்.

"ஃப்ராவ் சண்முகம், விடுதிப் பெண்களிடம் அடுப்பைப் பற்றிச் சொல்ல வேண்டும். நாங்கள் வாசலில் நின்று சொன்னோம். தலையாட்டினார்கள். ஒன்றும் புரிந்த மாதிரி இல்லை. நீங்கள் வந்து அவர்கள் மொழியில் சொல்வீர்களா?"

"எனக்குத் துருக்கி மொழி தெரியாதே."

"கொஞ்சம்கூடவா?"

"எங்கள் ஊரிலிருந்து துருக்கி, இங்கிருந்து இருப்பதைவிடத் தூரம், ஹெர் லோமான்."

அவர் அதைக் கொஞ்சநேரம் மனதுக்குள் அளந்து பார்த்தார். "இருந்தாலும் நீங்கள் ஒரு பெண். எங்களை மாடிக்கு விட மாட்டார்கள்" என்றார்.

வீட்டில் சொன்னபோது என் கணவருக்குப் பிடிக்கவில்லை.

"அது கம்பெனி ஹாஸ்டல். அங்க போய் எதையாவது பாத்துட்டு வந்து ஊரெல்லாம் சொல்லாத. நம்ம பெர்மிட்டே இந்த வேலைய நம்பித்தான் இருக்கு."

"அடுப்பப் பாக்கத்தான் போறேன்."

"அப்ப அடுப்ப மட்டும் பாரு."

மாடியில் அறைக்கு நாலு கட்டில், ஒரு கரியடுப்பு. சுவரின் அடியில் காற்றுத் துளை. எல்லா அறையிலும் அதில் பழைய காலுறையும் செய்தித்தாளும் திணித்திருந்தார்கள். பெண்கள் கூடிவிட்டார்கள். அவர்களில் மூத்தவள் எமினே. நூற்புப் பிரிவில் வேலை, கொஞ்சம் ஜெர்மன் தெரியும். நான் அடுப்பைக் காட்டினேன், துளையைக் காட்டினேன், பிறகு லோமான் செய்ததையே செய்தேன்: கன்னத்தில் கை, மூடிய கண், தொங்கும் தலை, நாக்கு. எல்லோரும் சிரித்தார்கள். அவர்களில் இளையவளான சபியே கட்டிலில் பொத்தென்று விழுந்து என்னைவிட நன்றாக நடித்துக் காட்டினாள். மறுபடியும் சிரிப்பு.

எமினே மட்டும் சிரிக்கவில்லை. என் கையைப் பிடித்துத் துளைக்குப் பக்கத்தில் வைத்தாள். ஊசி ஊசியாகக் காற்று வந்தது. பிறகு ஜன்னல் சட்டத்துக்கும் சுவருக்கும் நடுவில் இருந்த இடைவெளியில் வைத்தாள். அதில் என் விரல் நுழைந்தது. கடைசியாகக் கட்டிலின் மேலிருந்த போர்வையை என் கையில் கொடுத்தாள். கனமே இல்லை.

"புரிகிறது" என்றாள் ஜெர்மனில். "ஆனால் குளிர்."

நான் இருந்தவரை துளைகளில் இருந்ததையெல்லாம் பிடுங்கி எடுத்தார்கள். நான் படியிறங்கியதும் திரும்பப் போய்விடும் என்று எனக்குத் தெரிந்தது. அவர்களிடத்தில் இருந்தால் நானும் அதைத்தான் செய்திருப்பேன்.

5

பார்த்ததை லோமானிடம் சொன்னேன். அவர் அடுத்த நாளே ஆலை மேலாளரைப் பார்க்கப் போனார். ஆலையின் உணவுக்கூடத்துக்கு ரொட்டி அவர் கடையிலிருந்துதான் போய்க்கொண்டிருந்தது. அதை மறந்துவிட்டுப் போனார் என்று சொல்ல முடியாது. மேலாளர் நன்றாகவே பேசி அனுப்பினாராம். ஜன்னலெல்லாம் அடுத்த ஆண்டுத் திட்டத்தில் இருக்கிறது, போர்வைக்கு மட்டும் ஏற்பாடு செய்கிறேன் என்றாராம். போர்வை வரவில்லை. படைக்காரர்களின் மனைவிமார் தங்கள் வீடுகளிலிருந்து கொஞ்சம் சேர்த்துக் கொடுத்தார்கள். அது எல்லோருக்கும் போதவில்லை. லோமான் மறுபடியும் போனார். இந்த முறை மேலாளரைப் பார்க்க முடியவில்லை.

நான் என் கணவரிடம் ஒன்றும் சொல்லவில்லை. அவரும் கேட்கவில்லை. ஆனால் ஒருநாள் அலமாரியில் எங்கள் கூடுதல் கம்பளி இரண்டைத் தேடினேன். காணவில்லை. "நான்தான் ஹாஸ்டல் வாட்ச்மேன்கிட்ட குடுத்தேன்" என்று செய்தித்தாளிலிருந்து தலையைத் தூக்காமல் சொன்னார்.

6

ஜனவரியில் ஒரு சனிக்கிழமை காலை. பனி கனமாக விழுந்திருந்தது. கதவை யாரோ இரண்டு கையாலும் தட்டினார்கள். திறந்தால் எமினே. இரவு முறை முடிந்து விடுதிக்குப் போனவள், மேல்கோட்டு இல்லாமல், ஒரு காலில் செருப்பில்லாமல் ஓடிவந்திருந்தாள். தெரிந்த ஜெர்மன் எல்லாம் அவளுக்குப் போய்விட்டிருந்தது. இரண்டு உள்ளங்கைகளையும் சேர்த்துக் கன்னத்தில் வைத்துக் காட்டினாள். அவ்வளவுதான்.

நான் கீழ்வீட்டுக்காரியைத் தொலைபேசச் சொல்லிவிட்டு எமினேயோடு ஓடினேன். நாங்கள் பாதி தூரம் போவதற்குள் சங்கு ஊதியது. விடுதியில் எமினேயின் அறை ஜன்னல் ஏற்கெனவே உடைந்திருந்தது. எமினேதான் செருப்பைக் கழற்றி அடித்து உடைத்திருக்கிறாள். லோமான் முழங்கை வரை மாவோடு வந்து சேர்ந்தார். உள்ளே இருந்த இரண்டு பெண்களையும் தூக்கிவந்து முற்றத்துப் பனியில் போர்வை விரித்துக் கிடத்தினார்கள்.

ஒருத்தி சிறிது நேரத்தில் முனகினாள். அவளை ஆம்புலன்ஸில் ஏற்றினார்கள். ஒரு மாதத்தில் வேலைக்குத் திரும்பினாள். மற்றவள் சபியே. லோமான் அவள் மார்பை அழுத்திக்கொண்டே இருந்தார். மருத்துவர் வந்து பார்த்து, போதும் என்று சொன்ன பிறகும் அழுத்தினார். தச்சர்தான் அவர் தோளைத் தொட்டு நிறுத்தினார்.

சபியேயின் உடலை அவள் ஊருக்கு அனுப்ப ஆலை ஏற்பாடு செய்தது. விடுதியிலிருந்து வண்டிவரை பெட்டியைத் தூக்க ஆள் இல்லை. படைக்காரர்கள் சீருடை அணிந்து வந்து தூக்கினார்கள். அதற்கு விதி எதுவும் இல்லையாம். ஊரில் சிலர் பிற்பாடு அதைப் பற்றிக் கேட்கவும் செய்தார்கள். லோமான், "பெட்டி கனமாக இருந்தது" என்று மட்டும் பதில் சொன்னார்.

7

பிறகு விசாரணை வந்தது. அழைப்பு வந்தபோதே என்னை எதற்குக் கூப்பிடுகிறார்கள் என்று ஊரில் பேச்சு அடிபட்டது. அடுப்பைப் பற்றிப் பெண்களுக்கு முறையாக எச்சரிக்கை செய்யப்பட்டது, அதை மீறித் துளையை அடைத்தது அவர்கள் தவறு என்று ஆலை சொல்லப்போகிறது. அதற்குச் சாட்சி நான்.

இந்த நியாயம் எனக்குப் புதிதல்ல. கோவில்பட்டியில் ஓர் ஆலை எரிந்து, உள்ளே வேலை செய்த பெண்கள் இறந்தபோது, என் அப்பா சாப்பிட உட்கார்ந்து, "சுவர்ல போர்டு எழுதி வச்சிருந்துச்சே" என்று சொன்னார். அதை முதலாளி சொல்லச் சொல்லியிருந்தார். அப்பா அன்று சாப்பிடாமல் எழுந்துவிட்டார்.

விசாரணைக்கு முந்தைய மாலை நான் சமையலறையில் என் ஜெர்மன் வாக்கியங்களைச் சொல்லிப் பார்த்துக்கொண்டிருந்தேன். முக்கியமானது ஒன்றுதான். அவர்களுக்குப் புரிந்தது, ஆனால் குளிராக இருந்தது. அதை இங்கிலீஷ் மாதிரி அமைத்து, 'அவர்கள் குளிராக இருந்தார்கள்' என்று சொன்னேன். கணக்குப் போட்டுக்கொண்டிருந்த மீனா நிமிர்ந்தாள்.

"அப்படிச் சொல்லாதம்மா. செத்தவங்க உடம்பு ஜில்லுனு இருக்கும்ல, அந்த மாதிரி அர்த்தம் வரும்."

"பின்ன எப்படி?"

அவள் யோசித்தாள். "நீ தமிழ்ல எப்படிச் சொல்வ?"

"அவங்களுக்குக் குளிருச்சு."

"அதேதான். அவங்களுக்கு. அதை அப்படியே வச்சுக்கோ. ஜெர்மன்லயும் அப்படித்தான்."

பிறகு நாங்கள் இருவரும் அந்த வாக்கியத்தை மாறி மாறிச் சொன்னோம். அவள் தமிழில், நான் ஜெர்மனில். வெகு நாட்களுக்குப் பிறகு அவள் அவ்வளவு நேரம் என்னோடு தமிழ் பேசினாள்.

கதவருகில் நின்றிருந்த என் கணவர், "கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்லு, கமலா" என்றார். கொஞ்சம் நின்று, "முடிஞ்சா" என்றும் சொன்னார்.

நகராட்சிக் கூடத்தில் விசாரணை அதிகாரி நடுவில் உட்கார்ந்திருந்தார். ஆலையின் வழக்கறிஞர் எழுந்து கேட்டார்.

"நீங்கள் விடுதிக்குப் போய் எச்சரித்தீர்களா?"

"ஆம்."

"அவர்கள் புரிந்துகொண்டார்களா?"

"புரிந்துகொண்டார்கள்."

"நன்றி" என்று அவர் உட்கார்ந்தார். நான் உட்காரவில்லை.

"அவர்களுக்குக் குளிராக இருந்தது" என்றேன். "ஜன்னல் இடுக்கில் என் விரல் நுழைந்தது. போர்வை மெல்லியது. அவர்களுக்குக் குளிராக இருந்தது."

வழக்கறிஞர், அது கேட்கப்படவில்லை என்றார். பின்வரிசையில் லோமான் எழுந்தார். "அப்படியானால் என்னைக் கேளுங்கள். அதைச் சொல்ல நான் இரண்டுமுறை ஆலைக்குப் போனேன்" என்றார். விசாரணை அதிகாரி அவரை முன்னால் வரச் சொன்னார்.

8

முடிவு வர வசந்தம் ஆகிவிட்டது. இறந்த பெண்ணின் மேல் குற்றமில்லை என்று எழுதினார்கள். விடுதியில் கரியடுப்புகளை அகற்றி வெந்நீர்க் குழாய் போட்டுச் சூடாக்க வேண்டும், ஜன்னல்களை மாற்ற வேண்டும் என்று உத்தரவு. யாரும் சிறைக்குப் போகவில்லை. லோமானின் ரொட்டி ஆலைக்குப் போவது நின்றது. அவர் ஒரு வேலையாளைக் குறைத்துக்கொண்டு தானே பின்னிரவில் எழுந்து மாவு பிசைந்தார். அந்த ஆண்டு வீடு வீடாகப் போனபோது படைக்காரர்கள் அடுப்பைப் பார்க்குமுன், "வீட்டில் குளிர் தாங்குகிறதா?" என்று முதலில் கேட்டார்கள். தாங்காத வீடுகளின் ஜன்னல்களைத் தச்சர் ஞாயிற்றுக்கிழமைகளில் இலவசமாகச் சரிசெய்தார்.

விசாரணை முடிந்த வாரமே மேலாளர் என் கணவரைக் கூப்பிட்டார். வீடு திரும்பியவர் காலணியைக் கழற்றி வைத்து, கைகால் கழுவி, காபி குடித்து முடித்தார்.

"என்ன கேட்டார்?" என்றேன்.

"உங்க மனைவி சொன்னது அவங்களோட பெர்சனல் ஒப்பீனியன்தானேன்னு கேட்டார்."

"நீங்க?"

"என்னோடதும் அதுதான்னேன்."

ஆண்டு முடிவில் அவருடைய ஒப்பந்தம் புதுப்பிக்கப்படவில்லை. வேலை போனால் அனுமதியும் போகும் என்ற பயத்தில் அவர் இருபது இடங்களுக்காவது எழுதியிருப்பார். கடைசியில் டுசல்டோர்ஃபில் ஒரு பெயின்ட் ஆய்வகத்தில், முன்பைவிடச் சின்னப் பதவியில் இடம் கிடைத்தது.

9

ஊரைவிட்டுக் கிளம்புவதற்குச் சில நாட்களுக்கு முன் எமினே என்னைத் தேநீருக்குக் கூப்பிட்டாள். பிப்ரவரி மாதம். விடுதி மாறியிருந்தது. படியேறும்போதே கதகதப்பு முகத்தில் பட்டது. சுவரோரமாகப் புதிய வெள்ளைக் குழாய்கள். அறைகளில் பெண்கள் அரைக்கைச் சட்டையோடு இருந்தார்கள்.

எமினேயின் அறைக் கதவைத் திறந்ததும் குளிர் அறைந்தது. புதிய ஜன்னல், நன்றாகப் பொருந்தும் ஜன்னல், இரண்டு கதவும் விரியத் திறந்து கிடந்தது. விளிம்பில் பனி சேர்ந்திருந்தது. இரவிலும் இப்படித்தான் வைத்திருக்கிறாள் என்று பக்கத்து அறைப் பெண் எனக்குச் சைகையில் புகார் சொல்லியிருந்தாள். கூட இருந்தவர்கள் வேறு அறைக்குப் போய்விட்டார்கள். மூன்று கட்டில்கள் காலியாக இருந்தன.

எமினே கண்ணாடிக் குவளையில் தேநீர் ஊற்றினாள். அவளுடைய ஜெர்மன் இப்போது என்னுடையதைவிட நன்றாக இருந்தது. டுசல்டோர்ஃபில் வீடு எப்படி, மீனாவுக்குப் பள்ளி கிடைத்ததா என்றெல்லாம் கேட்டாள். நான் பதில் சொன்னேன். பேசும்போது எங்கள் இருவர் வாயிலிருந்தும் ஆவி வந்தது.

"ஜன்னலை மூடட்டுமா?" என்று ஒருமுறை கேட்டேன்.

"இல்லை" என்றாள்.

நான் கோட்டின் மேல் பித்தானையும் போட்டுக்கொண்டு தேநீரைக் குடித்து முடித்தேன். அவள் இன்னொரு குவளை ஊற்றினாள்.